லைசென்ஸைப் பறித்தால் கடன் அடையாது

அமெரிக்க மாநிலங்கள் பலவற்றின் ஓட்டுநர் கையேட்டில் ஒரு வாசகத்தைப் பார்க்கலாம்: வண்டி ஓட்டுவது சலுகை, உரிமை அல்ல. எழுத்துத் தேர்வுக்குப் படிக்கும் பதினாறு வயதுப் பிள்ளையும், விமானம் விட்டு இறங்கிய கையோடு டிஎம்வி என்னும் வாகனத் துறை அலுவலக வரிசையில் நிற்கும் புதுக்குடியேறியும் அதைப் படித்துத்தான் உள்ளே போகிறார்கள். படித்துப் படித்து அது வேதவாக்காகிவிட்டது. அதிலிருந்து ஒரு பொதுக்கருத்தும் கிளைத்து நாடெங்கும் வேர்பிடித்திருக்கிறது. அரசு கொடுத்ததை அரசு எந்தக் காரணத்துக்காகவும் திரும்ப வாங்கிக்கொள்ளலாம் என்பது அந்தக் கருத்து. போக்குவரத்து அபராதம் பாக்கியா, நீதிமன்றக் கட்டணம் பாக்கியா, பார்க்கிங் சீட்டுக்குப் பணம் வரவில்லையா, லைசென்ஸை முடக்கு. ஆள் தானாக வந்து கட்டுவான்.

அமெரிக்கர்கள் மட்டும் இப்படிப் பேசவில்லை. எடிசனிலும் ஃப்ரிஸ்கோவிலும் ஃப்ரீமாண்டிலும் குடியிருக்கும் நம்மவர் கூடும் விருந்துகளில் இந்தப் பேச்சு வந்தால் பெரும்பாலும் ஒரே பதில்தான் கிடைக்கும். "ஒழுங்கா ஃபைன் கட்டினா லைசென்ஸ் ஏன் போகப்போகுது? சட்டத்தை மதிக்காதவனுக்கு இது வேணும்." சொல்பவர்கள் கெட்டவர்கள் அல்லர். விதியை மதித்து, கட்ட வேண்டியதை நாள் தவறாமல் கட்டிப் பழகியவர்கள். அவர்களுக்கு இது நியாயமாகத் தோன்றுவதில் வியப்பில்லை.

ஆனால் இது நியாயமில்லை. லைசென்ஸ் எதற்காகப் பிறந்தது என்பதையே மறந்துவிட்ட கருத்து இது. ஒருவருக்கு வண்டி ஓட்டத் தெரியும், அவரால் சாலையில் மற்றவருக்கு ஆபத்தில்லை என்று அரசு தரும் அத்தாட்சிதான் லைசென்ஸ். அவரால் ஆபத்து என்று தெரிந்தால் தயங்காமல் பறிக்க வேண்டும். பணம் பாக்கி என்பதற்காகப் பறிக்கக் கூடாது. அப்படிப் பறிப்பது ஏழையைத் தண்டிக்கிறது, சாலையைக் கெடுக்கிறது, கடனையும் வசூலித்துத் தருவதில்லை.

சலுகை என்ற வாதம்

முதலில் அந்த வேதவாக்கையே எடுத்துக்கொள்வோம். 1903-இல் மசாசூசெட்ஸும் மிசௌரியும் ஓட்டுநர் உரிமத்தைக் கொண்டுவந்தபோது கார் பணக்காரரின் விளையாட்டுப் பொருள். அது இல்லாமல் எவரும் பட்டினி கிடக்கவில்லை. அன்று அதைச் சலுகை என்றது பொருந்தும். அதன்பின் இந்த நாடு தன்னையே காருக்காக மாற்றிக் கட்டிக்கொண்டது. வீடு ஓரிடம், வேலை இருபது மைல் தள்ளி, மளிகைக் கடை வேறு திசையில், மருத்துவமனை நெடுஞ்சாலைக்கு அப்பால். மக்கள்தொகைக் கணக்கெடுப்புத் துறையின் 2019 கணக்குப்படி, வேலைக்குப் போகிறவர்களில் ஏறத்தாழ 76 சதவீதம் பேர் தனியாகக் கார் ஓட்டிப் போனார்கள். மேலும் 9 சதவீதம் பேர் மற்றவரோடு சேர்ந்து காரில் போனார்கள். பஸ், ரயிலில் போனவர்கள் 5 சதவீதம்தான். அந்த ஐந்திலும் பெரும் பங்கு நியூயார்க் போன்ற ஒருசில மாநகரங்களுக்குச் சொந்தம். "லைசென்ஸ் போனால் பஸ்ஸில் போகட்டுமே" என்பவர் டெக்சஸின் ஊர்ப்புறத்தில் ஒரு நாள் பஸ்ஸைத் தேடிப் பார்க்க வேண்டும்.

இதை உச்ச நீதிமன்றமே 1971-இல் சொல்லிவிட்டது. ஜார்ஜியா மாநிலத்தில் பெல் என்ற மதகுரு மூன்று கிராமப்புறச் சமூகங்களுக்குக் காரில் சென்று ஊழியம் செய்துவந்தார். 1968-இல் ஒரு நாள் ஐந்து வயதுச் சிறுமி ஒருத்தி சைக்கிளில் வந்து அவருடைய காரின் பக்கவாட்டில் மோதிவிட்டாள். அவரிடம் இன்சூரன்ஸ் இல்லை. பெற்றோர் 5,000 டாலர் இழப்பீடு கேட்டார்கள். அந்தத் தொகைக்குப் பிணை கட்டு, இல்லாவிட்டால் லைசென்ஸ் முடங்கும் என்றது மாநிலச் சட்டம். தவறு என்மேல் இல்லை என்பதை நிரூபிக்க ஒரு விசாரணையாவது கொடுங்கள் என்று அவர் கேட்டார். அது தேவையில்லை என்று மாநிலம் சொல்லிவிட்டது. பெல் எதிர் பர்சன் என்ற அந்த வழக்கில் மாநிலம் தோற்றது. லைசென்ஸ் ஒருமுறை வழங்கப்பட்டுவிட்டால் அது பிழைப்புக்கு இன்றியமையாததாகிவிடலாம், ஆகவே உரிய நடைமுறை இல்லாமல் அதைப் பறிக்க முடியாது என்று நீதிபதி பிரென்னன் எழுதினார். அதை உரிமை என்று அழைத்தாலும் சலுகை என்று அழைத்தாலும் இந்தப் பாதுகாப்பு மாறாது என்பதையும் அந்தத் தீர்ப்பு தெளிவாகச் சொல்கிறது. அரை நூற்றாண்டுக்கு முன்பே நாட்டின் தலைமை நீதிமன்றம் கைகழுவிய வாதத்தைத்தான் இன்னும் நாம் கையேட்டிலிருந்து மனப்பாடம் செய்து ஒப்பித்துக்கொண்டிருக்கிறோம்.

இங்கே நேர்மையாக ஒன்றைச் சொல்ல வேண்டும். எல்லா நீதிமன்றங்களும் ஒரே பக்கம் நிற்கவில்லை. கட்ட வழியில்லாதவரின் லைசென்ஸை முடக்கும் மிச்சிகன் மாநிலச் சட்டம் செல்லும் என்று 2019-இல் ஆறாவது வட்டார மேல்முறையீட்டு நீதிமன்றம் தீர்ப்பளித்தது. மாநிலத்துக்கு இதில் ஏதோ ஒரு நியாயமான நோக்கம் இருந்தால் போதும் என்பது அதன் அளவுகோல். அரசியல் சட்டம் தடுக்கவில்லை என்பதாலேயே ஒரு சட்டம் நல்ல சட்டம் ஆகிவிடாது. வழக்கில் வென்ற மிச்சிகனே அடுத்த இரண்டு ஆண்டுகளுக்குள் தன் சட்டத்தைத் திருத்தி, ஓட்டுதலோடு தொடர்பில்லாத பல காரணங்களுக்காக லைசென்ஸை முடக்குவதைக் கைவிட்டது.

பயம் இருந்தால்தான் கட்டுவார்களா?

அடுத்த வாதம் நடைமுறை சார்ந்தது. லைசென்ஸ் போகும் என்ற பயம் இல்லாவிட்டால் எவன் அபராதம் கட்டுவான் என்கிறார்கள். கையில் பணமிருந்தும் கட்டாமல் இழுத்தடிப்பவரிடம் இந்தப் பயம் வேலை செய்யும். அவரிடம் வேறு பல வழிகளும் வேலை செய்யும். பணமே இல்லாதவரிடம் பயத்தை ஏற்றி என்ன செய்ய?

அபராதம் எப்படி வீங்குகிறது என்பதைப் பார்த்தால் இது புரியும். கலிஃபோர்னியாவின் சட்ட உதவி அமைப்புகள் சேர்ந்து 2015-இல் ஓர் அறிக்கை வெளியிட்டன. 100 டாலர் என்று சட்டப் புத்தகத்தில் இருக்கும் அபராதம், அதன்மேல் ஏற்றப்படும் கூடுதல் கட்டணங்களால் 490 டாலர் ஆகிறது. கெடு தவறினால் 815 டாலர் ஆகிறது என்று அது காட்டியது. கட்டவோ ஆஜராகவோ தவறியதற்காக அந்த ஒரு மாநிலத்தில் மட்டும் நாற்பது லட்சத்துக்கும் மேற்பட்டோரின் லைசென்ஸ் முடங்கிக் கிடந்தது. 490 டாலர் மென்பொருள் பொறியாளருக்கு ஒரு வார இறுதிச் செலவு. உணவகத்தில் பாத்திரம் கழுவுபவருக்கு அது அந்த மாத வாடகையின் ஒரு பகுதி. இருவருக்கும் ஒரே அபராதம், ஒரே கெடு, ஒரே தண்டனை. சட்டத்தின் முன் இருவரும் சமம் என்பது இங்கே வெறும் தோற்றம்தான்.

லைசென்ஸ் போனபின் என்ன நடக்கிறது? நியூஜெர்சியில் லைசென்ஸ் முடக்கப்பட்டவர்களிடம் ரட்கர்ஸ் பல்கலைக்கழக ஆய்வாளர்கள் விசாரித்தார்கள். அதன் முடிவுகள் 2006-இல் மாநிலப் பணிக்குழுவின் அறிக்கையில் வெளிவந்தன. அவர்களில் 42 சதவீதம் பேர் வேலையை இழந்திருந்தார்கள். இழந்தவர்களில் 45 சதவீதம் பேருக்கு வேறு வேலை கிடைக்கவில்லை. கிடைத்தவர்களிலும் 88 சதவீதம் பேருக்கு வருமானம் குறைந்துபோனது. கடன்பட்டவனிடமிருந்து பணம் வர வேண்டுமென்றால் அவன் சம்பாதிக்க வேண்டும். சம்பாதிக்கும் வழியை அடைத்துவிட்டு வாசலில் நின்று பணம் கேட்பது எந்த ஊர் வசூல்?

டெக்சஸ் கதை இன்னும் கொடுமை. 2003-இல் அங்கே 'ஓட்டுநர் பொறுப்புத் திட்டம்' என்று ஒன்றைத் தொடங்கினார்கள். நீதிமன்றம் விதித்த அபராதத்தைக் கட்டி முடித்தவர்மீதும் மாநிலம் மேல்வரி விதித்தது. இன்சூரன்ஸ் இல்லாமல் ஓட்டினால் ஆண்டுக்கு 250 டாலர், மூன்றாண்டுகளுக்கு. குடித்துவிட்டு ஓட்டினால் ஆண்டுக்கு ஆயிரமோ அதற்கு மேலோ, மூன்றாண்டுகளுக்கு. கட்டாவிட்டால் லைசென்ஸ் முடங்கும். இன்சூரன்ஸ் பிரீமியத்துக்கே வழியில்லாதவரிடம் மேலும் 750 டாலர் கேட்டால் அவர் எங்கே போவார்? 2019 செப்டம்பரில் திட்டம் ரத்தானபோது பத்து லட்சத்துக்கும் மேற்பட்டோர் அதனால் லைசென்ஸ் இழந்திருந்தார்கள். விதித்த தொகையில் கோடிக்கணக்கான டாலர் வசூலாகாமலே நின்றுவிட்டது. பதினாறு ஆண்டுகள் இந்தத் திட்டம் ஏன் உயிரோடு இருந்தது? வசூலான பணத்தில் ஒரு பங்கு விபத்துச் சிகிச்சை மருத்துவமனைகளுக்குப் போனது. திட்டத்தை நிறுத்தினால் அந்தப் பணத்துக்கு மாற்று வழி வேண்டும். தவறு என்று தெரிந்தபின்னும் வரவுசெலவுக் கணக்கு அதைக் காப்பாற்றிக்கொண்டிருந்தது. கடைசியில் போக்குவரத்து அபராதத்தையும் வாகன இன்சூரன்ஸ் மீதான கட்டணத்தையும் சிறிது உயர்த்தி அந்தப் பணத்தை ஈடுகட்டினார்கள். ஊர் முழுக்கச் சில டாலர் பகிர்ந்துகொண்டால் முடிகிற காரியத்துக்காக இத்தனை லட்சம் பேரின் பிழைப்பில் கைவைத்திருந்தார்கள்.

சாலைப் பாதுகாப்பு என்ற போர்வை

மூன்றாவதாக, லைசென்ஸ் முடக்கத்தைத் தளர்த்தினால் சாலையில் ஆபத்து கூடும் என்கிறார்கள். இது கேட்டவுடன் தலையாட்ட வைக்கும் வாதம். ஆகவே இதைப் பொறுமையாகப் பார்க்க வேண்டும்.

ஆபத்தான ஓட்டுநரின் லைசென்ஸைப் பறிப்பதை நான் எதிர்க்கவில்லை, அதை ஆதரிக்கிறேன். குடித்துவிட்டு ஓட்டியவர், பந்தய வேகத்தில் பறந்தவர், இடித்துவிட்டு நிற்காமல் போனவர் ஆகியோரை ஸ்டீயரிங்கிலிருந்து விலக்கிவைப்பது அரசின் கடமை. இளம் ஓட்டுநருக்கு முதலில் கற்றல் அனுமதி, பிறகு இரவு நேரக் கட்டுப்பாடும் கூட ஏற்றிச் செல்லும் நண்பர் எண்ணிக்கைக்கு வரம்பும் கொண்ட இடைக்கால லைசென்ஸ், பிறகு முழு லைசென்ஸ் என்று படிப்படியாகக் கொடுக்கும் முறை நல்ல முறை. 1996-இல் ஃப்ளோரிடா அதைத் தொடங்கியது. பிறகு நாடே பின்பற்றியது. பதின்வயதினரின் உயிர்களை அது காப்பாற்றியிருக்கிறது. இவையெல்லாம் ஓட்டும் விதத்தைப் பார்த்துக் கொடுப்பதும் பறிப்பதும். அபராத பாக்கிக்காகப் பறிப்பதோ வங்கிக் கணக்கைப் பார்த்துப் பறிப்பது. ஒரே மாதிரி வேகமாகப் போன இருவரில் உடனே கட்டியவர் மறுநாளும் ஓட்டலாம், கட்ட முடியாதவர் ஓட்டக் கூடாது என்றால் அங்கே அளக்கப்படுவது வேகமா, வருமானமா?

இதை மாநிலங்களின் டிஎம்வி அதிகாரிகளே சொல்லியிருக்கிறார்கள். வாகன நிர்வாக அதிகாரிகளின் அமெரிக்கச் சங்கம் 2013-இல் ஒரு வழிகாட்டி வெளியிட்டது. லைசென்ஸ் முடக்கப்பட்டவர்களில் ஓட்டுதலோடு தொடர்பில்லாத காரணத்துக்காக முடக்கப்பட்டவர்கள் 2002-இல் 29 சதவீதம். 2006-இல் 39 சதவீதம். இப்படி முடக்குவதைச் சட்டமன்றங்கள் நிறுத்த வேண்டும் என்று அந்தச் சங்கம் பரிந்துரைத்தது. சாலையில் உண்மையிலேயே ஆபத்தானவரைத் தேட வேண்டிய போலீஸின் நேரம், பார்க்கிங் பாக்கிக்காரரைப் பிடிப்பதில் கழிகிறது. முடக்கம் என்ற தண்டனை எல்லாருக்கும் பரிமாறப்படும்போது குடிகார ஓட்டுநருக்கும் அது சாதாரணமாகிவிடுகிறது. லைசென்ஸ் முடக்கத்தின் கௌரவத்தைக் காப்பாற்ற விரும்புகிறவர்கள்தான் அதைக் கடன் வசூலுக்குப் பயன்படுத்துவதை முதலில் எதிர்க்க வேண்டும்.

முடக்கப்பட்டவர்களில் நான்கில் மூன்று பேர் வரை தொடர்ந்து ஓட்டத்தான் செய்கிறார்கள் என்பது நெடுங்காலமாகச் சொல்லப்படும் மதிப்பீடு. அவர்களுக்கு வேறு வழியில்லை. வேலைக்குப் போக வேண்டும், பிள்ளையைப் பள்ளியில் விட வேண்டும். ஆனால் இப்போது அவர்கள் குற்றவாளிகள். வர்ஜீனியாவில் முடங்கிய லைசென்ஸோடு ஓட்டினால் ஓராண்டு வரை சிறைத் தண்டனை விதிக்கச் சட்டத்தில் இடமிருக்கிறது. பணம் பாக்கி என்று தொடங்கியது கைவிலங்கில் முடிகிறது. லைசென்ஸ் முடங்கியவருக்கு இன்சூரன்ஸ் கிடைப்பதும் கடினம். நாளை அவர் ஒரு காரை இடித்துவிட்டால் அடிபட்டவருக்கு இழப்பீடு யார் தருவார்கள்? போலீஸ் வந்தால் சிறை என்று தெரிந்தவர் விபத்து நடந்த இடத்தில் நிற்பாரா?

கடைசிக் கேள்விக்குக் கலிஃபோர்னியாவில் ஒரு பதில் இருக்கிறது. குடியேற்ற ஆவணம் இல்லாதவர்களுக்கும் லைசென்ஸ் கொடுக்கும் ஏபி 60 சட்டம் அங்கே 2015 ஜனவரியில் நடைமுறைக்கு வந்தது. சட்டத்தை மீறியவர்களுக்குப் பரிசா, சாலைகள் நாசமாகும் என்றெல்லாம் அன்று கூக்குரல் எழுந்தது. ஸ்டான்ஃபோர்ட் பல்கலைக்கழக ஆய்வாளர்கள் 2017-இல் வெளியிட்ட ஆய்வு வேறு கதை சொல்கிறது. மொத்த விபத்துகள் கூடவில்லை. இடித்துவிட்டு ஓடிப்போகும் சம்பவங்கள் 7 முதல் 10 சதவீதம் குறைந்தன. லைசென்ஸ் கையில் இருப்பவர் நின்று பேசுகிறார், இன்சூரன்ஸ் விவரம் தருகிறார், ஆம்புலன்ஸை அழைக்கிறார். இன்று 19 மாநிலங்களும் தலைநகர் வாஷிங்டனும் இந்த வழியில் வந்துவிட்டன. லைசென்ஸுக்கு வெளியே நிறுத்தப்படுபவர் எண்ணிக்கை கூடக்கூடச் சாலையின் ஆபத்தும் கூடுகிறது.

மினசோட்டாவில் ஒரு வாழ்க்கை

இந்தச் சுழலில் ஒரு மனிதர் எப்படிச் சிக்குகிறார் என்பதற்கு ஃபிலாண்டோ காஸ்டீலின் பெயரை நாடே அறியும். மினசோட்டாவின் செயின்ட் பால் நகரில் ஒரு பள்ளியின் உணவுக்கூட மேற்பார்வையாளராக இருந்தவர், கறுப்பினத்தவர். 2016 ஜூலையில் ஃபால்கன் ஹைட்ஸில் அவர் காரை நிறுத்திய காவலரால் சுட்டுக் கொல்லப்பட்டார். அப்போது அவருக்கு வயது 32. அதன்பின் என்பிஆர் வானொலி அவருடைய பதிவேடுகளை ஆராய்ந்தது. பதின்மூன்று ஆண்டுகளில் போலீஸ் அவரை 46 முறை நிறுத்தியிருக்கிறது. வேகம், உடைந்த சைலன்சர் என்று வெளியிலிருந்தே கண்ணில் படக்கூடிய காரணத்துக்காக நிறுத்தியது அவற்றில் ஆறு முறைதான். அபராதங்கள் 6,000 டாலருக்கும் மேல். கட்ட முடியாதபோது லைசென்ஸ் முடங்கும். முடங்கிய லைசென்ஸோடு வேலைக்குப் போனால் அடுத்த சீட்டு. அந்தச் சீட்டால் மேலும் பாக்கி.

அவருடைய சாவுக்கு லைசென்ஸ் சட்டமே காரணம் என்று நான் சொல்லவில்லை. ஆனால் ஓர் ஏழை கறுப்பினத்தவரின் காரைப் போலீஸ் மறுபடி மறுபடி நிறுத்துவதற்கு இந்தச் சட்டம் ஒரு நிரந்தரக் காரணத்தைத் தயாரித்துக் கொடுக்கிறது. நிறுத்தும் ஒவ்வொரு முறையும் அங்கே துப்பாக்கி இருக்கிறது. மிசௌரியின் ஃபெர்குசன் நகரக் காவல் துறை மக்களின் பாதுகாப்பைவிட நகராட்சியின் வருமானத்தையே குறியாகக் கொண்டு இயங்கியது என்று மத்திய நீதித் துறை 2015-இல் எழுதிய அறிக்கையையும் இதோடு சேர்த்துப் படிக்க வேண்டும். அபராதம் வருமானமாகிவிட்டால் குடிமகன் வசூல் இலக்காகிவிடுகிறான்.

தொழில் கருவியில் கைவைக்கலாமா?

நான் சொல்வதில் மையமான நியாயம் இதுதான். கடன்பட்டவனிடம் எதையும் பறிக்கலாம் என்று நாகரிகமான எந்தச் சட்டமும் சொல்வதில்லை. இந்தியாவின் 1908-ஆம் ஆண்டு உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 60-ஆம் பிரிவைப் பாருங்கள். கைவினைஞரின் கருவிகளையும், விவசாயி பிழைப்பு நடத்தத் தேவையான ஏர், மாடு, விதைநெல் ஆகியவற்றையும் கடனுக்காக ஜப்தி செய்யக் கூடாது என்கிறது அது. அமெரிக்கத் திவால் சட்டமும் இதையே செய்கிறது. தொழில் கருவிகளுக்கு ஒரு வரம்பு வரை விலக்கு, காருக்கும் ஒரு மதிப்பு வரை விலக்கு. பிழைப்புக் கருவியைப் பிடுங்கினால் கடனும் வராது, குடும்பமும் தெருவுக்கு வரும் என்ற அனுபவ ஞானம் இரண்டு நாட்டுச் சட்டங்களிலும் பதிந்திருக்கிறது.

அப்படியென்றால் கடன் கொடுத்த தனியார் தொட முடியாத காரை, அரசு மட்டும் லைசென்ஸை முடக்கி வாசலிலேயே துருப்பிடிக்க வைக்கலாமா? பெல் வழக்கு முடிந்த அதே 1971-இல் பெரெஸ் எதிர் கேம்பெல் என்ற வழக்கும் உச்ச நீதிமன்றத்துக்கு வந்தது. திவாலாகிக் கடனிலிருந்து விடுபட்டவரிடம், பழைய விபத்துக் கடனைக் கட்டும் வரை லைசென்ஸ் தர மாட்டேன் என்று அரிசோனா சொன்னது. அது மத்திய சட்டத்துக்கு முரண் என்று நீதிமன்றம் தள்ளிவிட்டது. தவறி விழுந்தவர் எழுந்து மறுபடி உழைக்க வாய்ப்புத் தருவதுதான் திவால் சட்டத்தின் நோக்கம். 1983-இல் பியர்டன் எதிர் ஜார்ஜியா வழக்கில், கட்ட வசதியிருந்ததா என்று விசாரிக்காமல் அபராத பாக்கிக்காக ஒருவரைச் சிறையில் அடைக்கக் கூடாது என்று அதே நீதிமன்றம் சொன்னது. வசதியை விசாரிக்காமல் சிறைக்கு அனுப்பக் கூடாதென்றால், வசதியை விசாரிக்காமல் வேலையைப் பறிக்கும் காரியத்தை மட்டும் எப்படிச் செய்யலாம்?

குழந்தைப் பராமரிப்புத் தொகையைக் கட்டாத தந்தைக்கு இந்த இரக்கம் வேண்டுமா என்று கேட்பார்கள். கடினமான கேள்விதான். 1996-ஆம் ஆண்டு மத்திய சட்டம், அப்படிப்பட்டவரின் லைசென்ஸை முடக்கும் வழிமுறையை மாநிலங்கள் எல்லாம் வைத்திருக்க வேண்டும் என்கிறது. பணம் வைத்துக்கொண்டு பிள்ளையைப் பட்டினி போடுபவரிடம் எனக்கு இரக்கமில்லை. அவருடைய சம்பளத்திலிருந்து நேரடியாகப் பிடிக்கலாம், அவருக்குத் திரும்ப வர வேண்டிய வருமான வரித் தொகையை நிறுத்திப் பிள்ளைக்கு அனுப்பலாம். இரண்டுக்கும் சட்டம் இருக்கிறது. வேலையே இல்லாத தந்தையின் லைசென்ஸைப் பிடுங்கினால் அந்தப் பிள்ளைக்குப் பால் வாங்க ஒரு டாலரும் வராது. தண்டிக்கும் திருப்தி நமக்குக் கிடைக்கும்; பிள்ளையின் வயிறு காலியாகவே இருக்கும்.

நமக்கும் இதில் பங்குண்டு

"இது ஏழைகளின் பிரச்சினை, நமக்கென்ன" என்று நினைக்கும் தமிழர்களுக்கு ஒரு வார்த்தை. லைசென்ஸை ஓட்டுதலோடு தொடர்பில்லாத ஒன்றோடு கட்டிப்போட்டால் என்ன வலி என்பது நமக்குத் தெரியும். 2005-ஆம் ஆண்டு ரியல் ஐடி சட்டம், தற்காலிக விசாவில் இருப்பவரின் லைசென்ஸ் அவர் தங்க அனுமதி பெற்ற காலம் வரைதான் செல்லும் என்று வைத்திருக்கிறது. பத்து ஆண்டுகள் ஒரு கீறல் இல்லாமல் ஓட்டியவரானாலும் தங்கும் காலத்தைக் குறிக்கும் ஐ-94 முடியும் நாளில் லைசென்ஸும் முடிகிறது. எச்-1பி வேலை விசாவின் நீட்டிப்பு மனு அங்கே கிடப்பில் கிடக்க, இங்கே டிஎம்வி கவுண்டரில் மனு கிடைத்ததற்கான ஐ-797 காகிதத்தைக் காட்டி மன்றாடும் நிலை எத்தனை வீடுகளில்! கணவரைச் சார்ந்த எச்-4 விசாவில் இருக்கும் தாய் பிள்ளையைப் பள்ளிக்கு அழைத்துப்போக யாரையாவது கெஞ்ச வேண்டியிருக்கிறது. "எனக்கு ஓட்டத் தெரியாதா, எதற்காக இந்தத் தண்டனை?" என்று அப்போது நம் மனம் கொதிக்கிறதே, அதே கேள்வியைத்தான் அபராத பாக்கிக்காக லைசென்ஸ் இழந்தவரும் கேட்கிறார். நமக்கு அது அநியாயம், அவருக்கு அது பாடம் என்று இரண்டு நியாயம் பேசக் கூடாது.

மாற்றம் நடக்கிறது

இது நடவாத கனவு அல்ல. 2017-இல் கலிஃபோர்னியா அபராத பாக்கிக்காக லைசென்ஸை முடக்குவதை நிறுத்தியது. அதே ஆண்டு டிசம்பரில், எவரும் எதிர்பாராத மிசிசிப்பி, ஒரு லட்சத்துக்கும் மேற்பட்டவர்களின் லைசென்ஸை மீட்டுத் தர ஒப்புக்கொண்டது. வர்ஜீனியாவில் 2018-இல் மத்திய நீதிமன்ற நீதிபதி ஒருவர் அங்கிருந்த சட்டத்துக்கு இடைக்காலத் தடை விதித்தார். அடுத்த ஆண்டு ஆளுநர் நார்த்தமின் திருத்தத்தால் ஆறு லட்சத்துக்கும் மேற்பட்டோருக்கு லைசென்ஸ் திரும்பும் வழி பிறந்தது. 2020-இல் அது நிரந்தரச் சட்டமானது. 2020-இன் கடைசி நாளில் நியூயார்க் ஆளுநர் இதேபோன்ற சட்டத்தில் கையெழுத்திட்டார். காஸ்டீலின் மினசோட்டாவும் பின்னர் இதில் சேர்ந்தது. இருபதுக்கும் மேற்பட்ட மாநிலங்கள் ஏதோ ஓரளவில் இந்த வழக்கத்தைக் கைவிட்டுவிட்டன. இவற்றில் குடியரசுக் கட்சி ஆளும் மாநிலங்களும் உண்டு, ஜனநாயகக் கட்சி ஆளும் மாநிலங்களும் உண்டு. ஏழைக்கு இரங்குவோரும், அரசு குடிமகனின் பிழைப்பில் தலையிடக் கூடாது என்போரும் ஒரே முடிவுக்கு வந்த அபூர்வமான விஷயம் இது.

மீதி மாநிலங்கள் செய்ய வேண்டியவையும் தெளிவாகவே இருக்கின்றன. பணம் பாக்கிக்காகவும், பணம் சார்ந்த வழக்கில் ஒருமுறை ஆஜராகத் தவறியதற்காகவும் லைசென்ஸை முடக்கும் பிரிவுகளை நீக்க வேண்டும். புதிதாக முடக்காமல் இருந்தால் மட்டும் போதாது. ஏற்கெனவே முடங்கிக் கிடப்பவற்றை மனு, கட்டணம் எதுவும் கேட்காமல் மீட்டுத் தர வேண்டும். அபராதத்தை வருமானத்துக்கு ஏற்ப விதிக்க வேண்டும். ஃபின்லாந்து அதை ஒரு நூற்றாண்டாகச் செய்கிறது. நியூயார்க்கின் ஸ்டேட்டன் தீவில் வேரா நீதி நிறுவனம் 1988-இலேயே சோதித்துப் பார்த்த முறை அது. தவணையில் கட்டும் வசதியும், கட்டவே முடியாதவருக்குச் சமூகப் பணி என்ற மாற்றும் வேண்டும். வசதியிருந்தும் கட்டாதவரிடம் சம்பளத்திலும் திரும்ப வரும் வரித் தொகையிலும் பிடித்துக்கொள்ளுங்கள். லைசென்ஸ் முடக்கம் என்ற தண்டனையைக் குடித்து ஓட்டுபவருக்கும் வெறித்தனமாக ஓட்டுபவருக்கும் விட்டுவையுங்கள்.

இதையெல்லாம் முடிவு செய்வது வாஷிங்டன் அல்ல, மாநிலத் தலைநகரங்கள். நம்மவரில் குடியுரிமை பெற்று வாக்களிப்பவர்கள் இன்று எல்லாப் பெரிய மாநிலங்களிலும் இருக்கிறார்கள். அதிபர் தேர்தலைப் பற்றி விடிய விடியப் பேசும் நாம், நம் மாநிலச் சட்டமன்ற உறுப்பினரின் பெயரைக்கூடத் தெரிந்துகொள்வதில்லை. அவரைத் தெரிந்துகொள்வோம். அவர் வாக்குக் கேட்டு வரும்போது ஒரே ஒரு கேள்வி கேட்போம்: நம் மாநிலத்தில் இன்று எத்தனை பேரின் லைசென்ஸ் பணம் பாக்கிக்காக முடங்கிக் கிடக்கிறது, அதை நிறுத்த நீங்கள் வாக்களிப்பீர்களா? "வண்டி ஓட்டுவது சலுகைதானே" என்று அவர் பதில் சொன்னால், நம் வாக்கு அவருக்கு இல்லை என்பதை அங்கேயே சொல்லிவிடுவோம்.